வாசகர் கேள்விகள்: பேஸ்பால் கேட்சரின் தொழிலும் வாழ்வும்

சென்ற இதழில் அமெரிக்க பேஸ்பாலைப் பற்றிய பதில் ஒன்றில் கேட்சரைக் குறித்து இரண்டே வரி எழுதியிருந்தேன். அது போதாது என்று சொல்லி வந்த கடிதங்களிலிருந்து தேர்ந்தெடுத்த கேள்விகள் இவை. அனைத்தும் ஒரே பொருளைப் பற்றியவை என்பதால் இம்முறை வேறு கேள்விகளுக்கு இடமில்லை.

கேள்வி: கிரிக்கெட்டின் விக்கெட் கீப்பரும் பேஸ்பாலின் கேட்சரும் ஏறக்குறைய ஒரே வேலையைத்தானே செய்கிறார்கள்? பிறகு ஏன் கேட்சரை மட்டும் அணியின் மூளை என்று சொல்கிறார்கள்?

பதில்: இருவரும் கையுறை அணிந்து பேட்டருக்குப் பின்னால் குந்தியிருப்பவர்கள் என்ற அளவில் ஒற்றுமை உண்டு. ஆனால் கிரிக்கெட்டில் எந்தப் பந்தை வீசுவது என்பது பந்துவீச்சாளரும் அணித்தலைவரும் தீர்மானிக்கும் விஷயம். பேஸ்பாலில் ஒவ்வொரு பந்துக்கும் முன்பாக, அது எந்த வகைப் பந்தாக இருக்க வேண்டும், எந்த இடத்துக்கு வர வேண்டும் என்று முதலில் சொல்பவர் பெரும்பாலும் கேட்சர்தான்; பந்து வீசுபவரான பிட்சர் அதை ஏற்கலாம், தலையை அசைத்து மறுக்கவும் செய்யலாம். ஓர் அணி ஓர் ஆட்டத்தில் சுமார் 150 பந்துகளை வீசுகிறது என்று வைத்துக்கொண்டால், அத்தனை முறையும் குந்தி, அத்தனை முறையும் ஒரு முடிவைச் சொல்ல வேண்டியவர் அவர். மற்ற எட்டுப் பேரும் பேட்டர் நிற்கும் ஹோம் பிளேட்டைப் பார்த்து நிற்கையில், மைதானம் முழுவதையும் எதிரே வைத்துப் பார்ப்பவரும் அவர் ஒருவரே.

ஆட்டம் மாலையில் என்றால் அவருடைய வேலை நாள் பிற்பகலிலேயே தொடங்கிவிடும். எதிரணிப் பேட்டர்களில் யார் உயரமான வேகப்பந்துக்குத் தடுமாறுகிறார், யார் முதல் பந்தையே அடிக்கப் பாய்கிறார் என்பதையெல்லாம் பிட்சருடனும் பயிற்சியாளருடனும் உட்கார்ந்து பேசித் திட்டம் வகுக்கிறார்கள். பிறகு பிட்சர் கைசூடேற்றிக்கொள்ளும்போது அந்தத் திட்டத்தில் பாதி கலைந்துபோகலாம். அவருடைய வளைபந்து அன்று சரியாக வளையவில்லை என்பது கேட்சரின் கையுறைக்குத்தான் முதலில் தெரியும். வளைபந்துக்குத் தடுமாறும் பேட்டர் எதிரே வந்தாலும், வளையாத பந்தைக் கேட்டு வாங்குவதில் பயனில்லை.

ஒரு கட்டத்தை நெருங்கிப் பார்ப்போம். முதல் பேஸில், அதாவது ரன் எடுக்கச் சுற்றிவர வேண்டிய மூலைகளில் முதலாவதில், எதிரணியின் வேகமான ரன்னர் நிற்கிறார். பேட்டருக்கு இரண்டு ஸ்ட்ரைக் (அடிக்கத் தவறிய அல்லது அடிக்காமல் விட்ட நல்ல பந்து) ஆகிவிட்டது. மூன்றாவது ஸ்ட்ரைக் விழுந்தால் அவர் அவுட். அவரை ஏமாற்ற ஏற்றது பிளேட்டுக்கு முன்பாகத் தரையை நோக்கி விழும் மெதுவான பந்து. ஆனால் ரன்னர் இரண்டாம் பேஸைத் திருட, அதாவது பேட்டர் அடிக்காமலே அங்கே போய்ச் சேர, ஓடினால், மெதுவான பந்து கேட்சரின் கைக்கு வந்து சேர்வதற்குள் காரியம் முடிந்துவிடும். ஹோம் பிளேட்டிலிருந்து இரண்டாம் பேஸ் 127 அடிக்குச் சற்று மேல். பிட்சர் வீசத் தொடங்கியதிலிருந்து பந்து பிளேட்டை அடைய ஏறத்தாழ 1.3 விநாடி; கேட்சர் அதைப் பிடித்து, எழுந்து, எறிந்து, அது இரண்டாம் பேஸுக்குப் போய்ச் சேர 2 விநாடி. ஆக மொத்தம் 3.3 விநாடி. நல்ல ஓட்டக்காரருக்கும் ஏறக்குறைய அவ்வளவுதான் ஆகும். இந்த இரண்டாவது பகுதியை 1.9 விநாடிக்குள் முடிக்கிற கேட்சரை எந்த அணியும் எளிதில் கைவிடுவதில்லை. எனவே பேட்டரை வீழ்த்தும் பந்தா, ரன்னரைப் பிடிக்கும் பந்தா என்பதைச் சில விநாடிகளில் தீர்மானித்தாக வேண்டும். 2023 முதல் பிட்சருக்குக் கடிகாரமும் ஓடுவதால் யோசிக்கும் நேரம் இன்னும் சுருங்கிவிட்டது.

இந்த ஆலோசனை நூறாண்டுக்கும் மேலாகக் கால்களுக்கு நடுவே மறைத்துக் காட்டும் விரல்களால்தான் நடந்தது: ஒரு விரல் வேகப்பந்து, இரண்டு விரல் வளைபந்து என்று பொதுவான ஒரு முறை. இரண்டாம் பேஸில் எதிரணி ரன்னர் நின்றால் அவர் கண்ணுக்கு விரல்கள் தெரியும் என்பதால், உடனே வேறு சங்கேதத்துக்கு மாறிக்கொள்வார்கள். 2017இல் ஹூஸ்டன் ஆஸ்ட்ரோஸ் அணி கேமரா வழியே எதிரணிக் கேட்சரின் விரல்களைப் பார்த்து, குப்பைத்தொட்டியைத் தட்டித் தன் பேட்டர்களுக்குச் செய்தி சொன்னது அம்பலமாகி, 2020 ஜனவரியில் 50 லட்சம் டாலர் அபராதம் விழுந்தது. 2022 முதல் ‘பிட்ச்காம்’ என்ற கருவி வந்திருக்கிறது. கேட்சர் மணிக்கட்டிலோ முழங்காலிலோ கட்டியிருக்கும் பொத்தானை அழுத்தினால் பிட்சரின் தொப்பிக்குள் குரல் கேட்கும்.

கேள்வி: கேட்சராகத் தொழில்முறை ஆட்டத்துக்குள் நுழைவது எப்படி? சம்பளம் உண்மையிலேயே கோடிக்கணக்கில்தானா?

பதில்: கோடிகள் உண்டு, அவை மிகச் சிலருக்கு. அமெரிக்காவில் பள்ளி, கல்லூரி ஆட்டக்காரர்களை அணிகள் ஆண்டுதோறும் ‘டிராஃப்ட்’ முறையில் வரிசையாகத் தேர்ந்தெடுக்கின்றன. இப்போது அது 20 சுற்று. டொமினிகன் குடியரசு, வெனிசுவேலா போன்ற நாடுகளின் சிறுவர்கள் இந்த வரிசைக்குள் வருவதில்லை; 16 வயதிலேயே நேரடியாக ஒப்பந்தமாகிறார்கள். தேர்வானவுடன் பெரிய மைதானம் கிடைத்துவிடாது. மைனர் லீக்கின் படிகளில் ஒவ்வொன்றாக ஏறி, ‘டிரிபிள்-ஏ’ என்ற மேல்படி வரை போய், அதற்குப் பிறகுதான் மேஜர் லீக். மற்ற இடங்களில் ஆடுபவர்களைவிடக் கேட்சருக்கு இந்த ஏற்றம் பெரும்பாலும் மெதுவாகவே அமைகிறது. பேட்டிங் திறமை 20 வயதில் பழுத்துவிடலாம். பத்துப் பதினைந்து பிட்சர்களின் குணத்தையும் கோபத்தையும் தெரிந்துகொண்டு அவர்களை நடத்திச் செல்வது அவ்வளவு விரைவில் வராது. 1991இல் 19 வயதில் டெக்சாஸ் அணிக்குள் நுழைந்து, 2,427 ஆட்டங்களில் கேட்சராக நின்று சாதனை படைத்த போர்ட்டோ ரிக்கோக்காரர் ஐவன் ரோட்ரிகஸைப் போன்றவர்கள் விதிவிலக்குகள்.

பணத்துக்கு வருவோம். மேஜர் லீக்கில் குறைந்தபட்ச ஆண்டுச் சம்பளம் 2022இல் 7,00,000 டாலராக இருந்து, 2026இல் 7,80,000 ஆகிறது. 2021இல் பிலடெல்பியா அணி ஜே. டி. ரியல்முட்டோவுக்கு ஐந்தாண்டுக்கு 11 கோடியே 55 லட்சம் டாலர் கொடுத்தது. அதே தொழிலின் இன்னொரு முனையில், ‘டபுள்-ஏ’ படியில் ஆடுபவரின் குறைந்தபட்ச ஆண்டு வருமானம் 2023க்கு முன் 13,800 டாலர்தான். மைனர் லீக் ஆட்டக்காரர்கள் தொழிற்சங்கத்தில் சேர்ந்து கூட்டு ஒப்பந்தம் போட்ட பிறகே அது 30,250 ஆயிற்று. நீண்ட பேருந்துப் பயணம், மறுநாள் மீண்டும் குந்தல் என்று ஐந்தாறு ஆண்டு கழித்துவிட்டு, மேஜர் லீக்கை ஒரு நாள்கூடப் பார்க்காமல் வீடு திரும்பியவர்களே இத்தொழிலில் மிகுதி.

தேர்வு வரிசை தலைவிதி அல்ல என்பதற்கு மைக் பியாஸா இருக்கிறார். 1988 டிராஃப்டில் 62ஆவது சுற்றில், 1,390ஆவது ஆளாக அவரை டாட்ஜர்ஸ் அணி எடுத்தது. அதுவும் மேலாளர் (ஆட்டத்தில் அணியை நடத்துபவர்) டாமி லசோர்டா அவருடைய தந்தையின் நண்பர் என்பதால் செய்த உதவி. முதல் பேஸில் ஆடிவந்தவர், கேட்சரானால்தான் பிழைப்பு என்று தெரிந்து இடம் மாறினார். ஓய்வு பெறும்போது 427 ஹோம் ரன் (வேலியைத் தாண்டிப் போகும் அடி). அவற்றில் 396 கேட்சராக நின்ற ஆட்டங்களில் அடித்தவை. 2016இல் புகழரங்கத்தில் இடம்பெற்றார். இன்று அந்த டிராஃப்டில் 62ஆவது சுற்றே கிடையாது என்பதை நினைத்தால் சற்று வருத்தமாகத்தான் இருக்கிறது.

கேள்வி: இடக்கைக்காரர் கேட்சராக முடியாதா?

பதில்: விதி தடுக்கவில்லை, வழக்கம்தான் தடுக்கிறது. பேட்டர்களில் வலக்கைக்காரர்கள் அதிகம். அவர்கள் நிற்கும் பக்கம் இடக்கைக் கேட்சர் எறிவதற்கு இடைஞ்சல் என்பார்கள். மூன்றாம் பேஸுக்கு எறிய உடலைத் திருப்ப வேண்டும் என்பார்கள். என் கணிப்பில் உண்மையான காரணம் வேறு: இடக்கையால் வேகமாக எறியத் தெரிந்த சிறுவனை எந்தப் பயிற்சியாளரும் பிட்சராக்கத்தான் பார்ப்பார். மேஜர் லீக்கில் 1989இல் பிட்ஸ்பர்க் அணிக்காக பென்னி டிஸ்டெஃபானோ மூன்று ஆட்டங்களில் இடக்கைக் கேட்சராக நின்றார். முழுநேர இடக்கைக் கேட்சரைப் பார்க்க வேண்டுமானால் 19ஆம் நூற்றாண்டுக்குப் போக வேண்டும்.

கேள்வி: ஆண்டுக்கு 162 ஆட்டம் குந்தியே கழித்தால் முழங்கால் என்ன ஆகும்? இவர்கள் எத்தனை வயது வரை ஆடுகிறார்கள்?

பதில்: முதலில் ஒரு திருத்தம்: 162 ஆட்டத்திலும் ஒரே கேட்சர் நிற்பதில்லை. 1968இல் சிகாகோ கப்ஸ் அணியின் ராண்டி ஹண்ட்லி 160 ஆட்டங்களில் நின்றது இன்றும் சாதனையாக இருக்கிறது. அதை முறியடிக்க இன்று எந்த மேலாளரும் ஒருவரை அனுமதிக்கமாட்டார். ஒவ்வோர் அணியும் இருவரை வைத்துக்கொண்டு, முதன்மைக் கேட்சருக்கு 110 முதல் 130 ஆட்டம், மீதி துணைக் கேட்சருக்கு என்று பிரித்துக்கொள்கிறது. அண்மை ஆண்டுகளில் ஒரு முழங்காலைத் தரையில் ஊன்றி அமரும் முறை பரவியிருக்கிறது. அது மூட்டுக்கு இதம் என்பதைவிட, தாழ்வாக வரும் பந்தை அழகாகப் பிடிக்க உதவுகிறது என்பதற்காகவே பயிற்சியாளர்கள் அதை விரும்புகிறார்கள்.

முழங்காலைப் பற்றித்தான் எல்லோரும் கேட்கிறார்கள். நான் அதிகம் அஞ்சுவது தலையைப் பற்றி. பேட்டின் விளிம்பில் உரசித் திசைமாறும் பந்து மணிக்கு 90 மைலுக்கு மேற்பட்ட வேகத்தில் நேராக முகமூடியில் வந்து மோதுகிறது. விலக நேரமே கிடையாது. மினசோட்டா அணியின் ஜோ மாவர் மூன்று முறை லீகின் தலைசிறந்த பேட்டிங் சராசரியை எட்டியவர். 2013 ஆகஸ்டில் அப்படி ஒரு பந்து பட்டு மூளை அதிர்ச்சிக்கு ஆளானார். அடுத்த ஆண்டு முதல் பேஸுக்கு மாறியவர், மீண்டும் கேட்சரின் கவசத்தை அணிந்தது 2018 செப்டம்பர் 30 அன்று, தம் கடைசி ஆட்டத்தில். அதுவும் ஒரே ஒரு பந்துக்காக. சான் பிரான்சிஸ்கோ அணியின் மைக் மதீனி இதே காரணத்தால் தொழிலையே விட்டார். 2011இல் மூளை அதிர்ச்சிக்கென்றே ஏழு நாள் ஓய்வுப் பட்டியலை மேஜர் லீக் உருவாக்கியது.

கவசங்களின் வரலாறே காயங்களின் வரலாறுதான். 1870களில் ஹார்வர்டு பல்கலைக்கழக அணியின் ஃபிரெட் தேயர், வாள்வீச்சு வீரர்களின் முகமூடியை மாற்றியமைத்துத் தம் கேட்சருக்கு அணிவித்தார்; அதற்கு முன் முகத்தைக் காத்துக்கொள்ள வேண்டுமென்றால் பேட்டரிடமிருந்து பல அடி விலகி நிற்பதே வழி. 1907இல் ரோஜர் ப்ரெஸ்னஹன் முழங்காலுக்குக் கீழே கவசம் கட்டிக்கொண்டு வந்தபோது பார்த்தவர்கள் கேலி செய்தார்கள். சில ஆண்டுகளில் எல்லோரும் கட்டிக்கொண்டார்கள். 1976இல் பேட் செய்யத் தம் முறைக்காகக் காத்து நின்ற டாட்ஜர்ஸ் கேட்சர் ஸ்டீவ் யேகரின் தொண்டையில், உடைந்து பறந்த பேட்டின் துண்டு ஒன்று குத்தியது. அதன் பின் அணியின் உடற்பயிற்சியாளர் பில் பூலர், முகமூடிக்குக் கீழே தொங்கும் தொண்டைக் காப்பை வடிவமைத்தார்.

விதியும் அப்படியே மாறியது. ஹோம் பிளேட்டை நோக்கி ஓடிவரும் ரன்னர் வழியில் நிற்கும் கேட்சரை இடித்துத் தள்ளலாம் என்பது நெடுநாள் வழக்கம். 2011 மே 25 அன்று சான் பிரான்சிஸ்கோ அணியின் இளம் நட்சத்திரம் பஸ்டர் போசி அப்படி இடிக்கப்பட்டு, கால் எலும்பு முறிந்து, கணுக்கால் தசைநார்கள் கிழிந்து, அந்தப் பருவத்தின் மீதி முழுவதையும் இழந்தார். 2014இல் வந்த விதி, வேண்டுமென்றே இடிப்பதையும், பந்து கையில் இல்லாத கேட்சர் வழியை மறைப்பதையும் தடுத்தது. போசி 2012இலேயே திரும்பி வந்து லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருதைப் பெற்றார். ஆனாலும் 2021 பருவத்தோடு 34 வயதில் விலகிவிட்டார். பெரும்பாலான கேட்சர்களுக்கு முப்பதுகளின் நடுப்பகுதிதான் எல்லை. 40 வயதைத் தாண்டியும் ஆடிய கார்ல்டன் ஃபிஸ்க் போன்றோரை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

கேள்வி: கேட்சர்களில் நீங்கள் முதலிடம் தருவது யாருக்கு? அவருடைய வாழ்க்கையைச் சற்று விரிவாகச் சொல்லுங்கள்.

பதில்: எண்களை வைத்துப் பேசுபவர்கள் சின்சினாட்டி அணியின் ஜானி பெஞ்சைச் சொல்வார்கள், தொடர்ந்து பத்து ஆண்டு தற்காப்புக்கான தங்கக் கையுறை வென்றவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. என் ஓட்டு யோகி பெராவுக்கு.

1925இல் செயின்ட் லூயிஸ் நகரின் இத்தாலியக் குடியேறிகள் பகுதியில் பிறந்தவர். இயற்பெயர் லாரன்ஸ் பீட்டர் பெரா. எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டவர். இந்தியாவைப் பற்றிய ஒரு படத்தில் வந்த யோகியைப் போல இவர் காலை மடக்கி உட்கார்ந்திருக்கிறார் என்று இளவயது நண்பர் ஒருவர் சொன்னது பெயராகவே ஒட்டிக்கொண்டது. அதே தெருவில் வளர்ந்த ஜோ கராஜியோலாவும் கேட்சர்தான். கராஜியோலாவுக்கு 500 டாலர் கொடுத்து ஒப்பந்தம் செய்த செயின்ட் லூயிஸ் அணி, பெராவுக்கு அதைவிடக் குறைவாகத்தான் தருவோம் என்றது. பெரா மறுத்தார்; அதே 500 டாலருக்கு நியூயார்க் யாங்கீஸ் அணி அவரை எடுத்துக்கொண்டது. இடையில் போர். 1944 ஜூனில் நார்மண்டிக் கரையில் நேசப்படைகள் இறங்கியபோது, ராக்கெட் ஏவும் சிறு படகொன்றில் கடற்படை வீரராக இருந்தார்.

குள்ளமான, கட்டையான உடல். ஓடினால் பார்ப்பவர்கள் சிரிப்பார்கள். முதல் ஆண்டுகளில் அவருடைய எறிதல் மோசமாக இருந்தது. யாங்கீஸின் பழைய கேட்சர் பில் டிக்கி 1949இல் அவரை உட்காரவைத்துப் பாடம் எடுத்தார். பின்னாளில் அவர் தொடர்ந்து 148 ஆட்டங்களில் ஒரு பிழையும் செய்யாத கேட்சராக ஆனார். பேட்டிங்கில் கைக்கு எட்டாத பந்தையும் எட்டி அடிப்பவர். அப்படி அடிப்பவர்கள் அடிக்கடி ஸ்ட்ரைக் அவுட் ஆவார்கள் என்பது பொது அறிவு. 1950 பருவம் முழுவதிலும் அவர் அவ்வாறு அவுட்டானது 12 முறைதான். 1951, 1954, 1955 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருது. ஆட்டக்காரராக, மேஜர் லீக்கின் இறுதிப் போட்டியான உலகத் தொடரில் பத்து வெற்றிகள். இதை வேறு எவரும் எட்டவில்லை.

1956 அக்டோபர் 8 அன்று புரூக்ளின் டாட்ஜர்ஸுக்கு எதிரான உலகத் தொடர் ஆட்டத்தில், டான் லார்சன் எதிரே வந்த 27 பேரையும் ஒருவர்கூட பேஸை எட்டாமல் வீழ்த்தினார். உலகத் தொடரில் அப்படி ஓர் ஆட்டம் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. கடைசிப் பேட்டர் அவுட்டானதும் பெரா ஓடிப்போய் லார்சனின் இடுப்பில் குழந்தையைப் போலத் தாவி ஏறிக்கொண்ட புகைப்படத்தைப் பலர் பார்த்திருப்பீர்கள். அன்று வீசப்பட்ட 97 பந்துகளையும் கேட்டு வாங்கியவர் அவர் என்பது படத்தில் தெரியாது. சராசரி பிட்சராகவே நினைவுகூரப்படும் லார்சனுக்கு அந்த ஒரு பிற்பகல் வாய்த்ததில் பெராவின் பங்கு பெரிது என்றே நான் கருதுகிறேன். 1962இல், 37 வயதில், டெட்ராய்ட்டில் ஏழு மணி நேரம் நீண்ட ஓர் ஆட்டத்தின் 22 இன்னிங்ஸிலும் (வழக்கமாக ஒன்பதுதான்) அவரே குந்தி முடித்தார். 1955 உலகத் தொடரில் டாட்ஜர்ஸின் ஜாக்கி ராபின்சன் ஹோம் பிளேட்டைத் திருடியபோது, அம்பயர் ‘சேஃப்’ என்றார். ராபின்சன் அவுட் என்று பெரா சாகும்வரை சாதித்தார்.

மேலாளராக இருந்த அவரை, 1985 பருவத்தின் 16 ஆட்டங்கள் முடிந்ததுமே, நேரில்கூடச் சொல்லாமல் ஆள் அனுப்பி நீக்கினார் யாங்கீஸ் உரிமையாளர் ஜார்ஜ் ஸ்டைன்பிரென்னர். பெரா 14 ஆண்டு அந்த மைதானத்தின் பக்கமே போகவில்லை. உரிமையாளர் தேடிவந்து மன்னிப்புக் கேட்ட பிறகு, 1999 ஜூலை 18 அன்று அவருக்காக நடந்த விழாவில், லார்சன் வீசிய அடையாளப் பந்தைப் பிடித்தார். அன்றைய ஆட்டத்தில் டேவிட் கோன் 27 பேரையும் வரிசையாக வீழ்த்தினார். புனைகதையில் எழுதினால் ஆசிரியர் வெட்டிவிடுவார்.

கேள்வி: கறுப்பின ஆட்டக்காரர்களுக்கு மேஜர் லீக் மூடியிருந்த காலத்தில் சிறந்த கேட்சர்கள் இருந்தார்களா?

பதில்: இருந்தார்கள், அக்காலத்தின் மிகச் சிறந்த கேட்சரே அவர்களில் ஒருவராக இருக்கலாம். நீக்ரோ லீக் எனப்பட்ட தனி லீகுகளில் பிட்ஸ்பர்க் கிராஃபோர்ட்ஸ், ஹோம்ஸ்டெட் கிரேஸ் அணிகளுக்கு ஆடிய ஜாஷ் கிப்சன் 1947 ஜனவரி 20 அன்று 35 வயதில் இறந்தார். அந்தத் தடையை உடைத்த கறுப்பின ஆட்டக்காரர் ஜாக்கி ராபின்சன் மேஜர் லீக்கில் அடியெடுத்து வைத்தது அதற்கு மூன்று மாதம் நிறைவதற்குள், ஏப்ரல் 15 அன்று. 2024இல் மேஜர் லீக் அந்த லீகுகளின் கணக்குகளையும் தன் ஏட்டில் சேர்த்தபோது, .372 என்ற சராசரியோடு (அதாவது ஆயிரம் வாய்ப்புக்கு 372 வெற்றிகரமான அடி என்ற கணக்கில்) பேட்டிங் பட்டியலின் உச்சியில் கிப்சனின் பெயர் ஏறியது. 77 ஆண்டுத் தாமதம்.

அந்த லீகிலிருந்து கடந்து வர முடிந்தவர் ராய் கம்பனெல்லா. 15 வயதிலேயே தொழில்முறை ஆட்டக்காரர். 1948இல் டாட்ஜர்ஸ் அணியில் இடம் கிடைத்தபோது அவருக்கு 26. இழந்த ஆண்டுகளை யாரும் திருப்பித் தரவில்லை. அவரும் 1951, 1953, 1955 என மூன்று முறை தம் லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரர். அதாவது 1951, 1955 ஆகிய இரண்டு ஆண்டுகளில் மேஜர் லீக்கின் பிரிவுகளான இரு லீகுகளின் விருதையும் பெராவும் அவரும் பகிர்ந்துகொண்டார்கள். லார்சனின் அந்த ஆட்டத்தில் எதிரணியின் கேட்சரும் அவரே. 1958 ஜனவரி 28 அன்று பனி உறைந்த சாலையில் அவருடைய கார் கம்பத்தில் மோதிக் கவிழ்ந்து, கழுத்துக்குக் கீழே உடல் செயலிழந்தது. அணி லாஸ் ஏஞ்சலிஸுக்கு இடம்பெயர்ந்த ஆண்டு அது. புதிய ஊரில் அவர் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. ஆயினும் 1959 மே 7 அன்று அவருக்காக நடந்த காட்சி ஆட்டத்துக்கு 93,103 பேர் வந்தார்கள். சக்கர நாற்காலியிலிருந்தபடியே டாட்ஜர்ஸின் இளம் கேட்சர்களுக்குப் பல ஆண்டு பாடம் சொல்லிக்கொடுத்தார், 1993இல் காலமானார்.

கேள்வி: வெளியே போகும் பந்தைக் கேட்சர் கையுறையால் உள்ளே இழுத்து அம்பயரை ஏமாற்றுவதைத் திறமை என்று புகழ்கிறார்களே, இது மோசடி இல்லையா?

பதில்: ‘ஃப்ரேமிங்’ என்பார்கள். பிளேட்டின் அகலம் 17 அங்குலம். அதற்கு மேலே, பேட்டரின் முழங்காலுக்கும் மார்புக்கும் இடையே உள்ள கற்பனைப் பெட்டி வழியாகப் பந்து போனால் ஸ்ட்ரைக், இல்லையென்றால் பால். விளிம்பில் வரும் பந்தை அம்பயர் கண்ணால் பார்த்துச் சொல்ல வேண்டும். கையுறை பந்தின் வேகத்தில் வெளிப்பக்கம் இழுபட்டால், உண்மையான ஸ்ட்ரைக்கும் பாலாகத் தோன்றும். எனவே இக்கலையின் பாதி, தம் பிட்சருக்கு நியாயமாகச் சேர வேண்டியது பறிபோகாமல் காப்பது. மறு பாதியைப் பற்றி நீங்கள் சொல்வதை என்னால் முழுதும் மறுக்க முடியாது. ஆனால் விதிக்குள் நடக்கிறது, அம்பயருக்கும் அது தெரியும். அப்பட்டமாக இழுத்துக் காட்டும் கேட்சர் மேல் அம்பயருக்கு எரிச்சல்தான் வரும். கைதேர்ந்தவர்களிடம் கையுறை நகர்வதே தெரியாது.

பந்தின் பாதையைக் கேமராக்கள் அளக்கத் தொடங்கிய பிறகுதான் இதன் மதிப்பு எண்ணாகக் கிடைத்தது. ஒரு பால் ஸ்ட்ரைக்காக மாறினால் சுமார் எட்டில் ஒரு பங்கு ரன் மிச்சம். அற்பமாகத் தோன்றும்; பருவம் முழுவதும் சேர்த்தால் ஓர் அணியின் சில வெற்றிகளையே அது நிர்ணயிக்கும். செயின்ட் லூயிஸ் அணியின் புகழ்பெற்ற கேட்சர் யாடியர் மொலீனாவின் அண்ணன் ஹோசே மொலீனா சுமாரான பேட்டர். ஆயினும் அணிகள் அவரை விரும்பி அமர்த்தியதற்கு இந்தக் கைதான் காரணம்.

இப்போது இயந்திரம் நுழைகிறது. தென்கொரியாவின் முதன்மை லீக் 2024 முதல் ஸ்ட்ரைக்கை முழுதும் இயந்திரத்திடமே ஒப்படைத்துவிட்டது. அமெரிக்க மேஜர் லீக் 2026 பருவத்துக்கு நடுவழி ஒன்றைத் தேர்ந்தெடுத்திருக்கிறது: தீர்ப்பை அம்பயரே சொல்வார், ஒவ்வோர் அணிக்கும் இரண்டு முறையீடு, சரியாக முறையிட்டால் அது கழியாது. பேட்டர், பிட்சர், கேட்சர் ஆகிய மூவர் மட்டுமே, வெளியிலிருந்து யாருடைய உதவியும் இல்லாமல், உடனே தலையைத் தட்டி முறையிட வேண்டும். பந்துக்கு நேர் பின்னால் இருப்பவர் கேட்சர் என்பதால் முறையிடும் பொறுப்பும் பெரும்பாலும் அவர் தலையில்தான் விழும். ஏமாற்றும் கைக்கு மதிப்புக் குறையலாம். எந்தப் பந்துக்கு முறையிடலாம், எதை விட்டுவிடலாம் என்று உணர்ச்சிவசப்படாமல் தீர்மானிக்கும் கேட்சருக்கு மதிப்புக் கூடும்.

கேள்வி: உளவாளியாக இருந்த கேட்சர் ஒருவர் உண்டாமே?

பதில்: மோ பெர்க். பிரின்ஸ்டன் பட்டதாரி, சட்டமும் படித்தவர். 1923 முதல் 1939 வரை பெரும்பாலும் துணைக் கேட்சராக ஆடினார், பேட்டிங் சராசரி .243. பல மொழிகள் தெரியும், ஆனால் எந்த மொழியிலும் பந்தை அடிக்கத் தெரியாது என்று சக ஆட்டக்காரர்கள் கிண்டல் செய்வார்கள். இரண்டாம் உலகப் போரில் அமெரிக்க உளவுத்துறையில் சேர்ந்தவரை, 1944 டிசம்பரில் சூரிச் நகரில் ஜெர்மன் இயற்பியலாளர் ஹைசன்பெர்க்கின் சொற்பொழிவுக்குத் துப்பாக்கியோடு அனுப்பினார்கள். ஜெர்மனி அணுகுண்டை நெருங்கிவிட்டது என்று தெரிந்தால் சுட்டுவிட வேண்டும் என்பது கட்டளை. அப்படி எதுவும் தெரியவில்லை என்று முடிவு செய்து திரும்பிவிட்டார்.

கேள்வி: ஓய்வுக்குப் பின் கேட்சர்கள் மேலாளர்களாவது ஏன் இவ்வளவு அதிகம்?

பதில்: மேலாளர் செய்யும் வேலையைப் பத்துப் பதினைந்து ஆண்டு குந்திக்கொண்டே செய்து பழகிவிட்டவர்கள் என்பதால்தான். பிட்சரின் கை எப்போது தளர்கிறது, யாரைத் தட்டிக்கொடுத்துப் பேச வேண்டும், யாரிடம் கடிந்து பேச வேண்டும் என்பவை அவர்களுக்குப் புத்தகப் பாடமல்ல. யாங்கீஸை நான்கு உலகத் தொடர் வெற்றிகளுக்கு அழைத்துச் சென்ற ஜோ டோரி பல ஆண்டு கேட்சர். கோன் 27 பேரையும் வீழ்த்திய அந்த 1999 ஆட்டத்தில் பந்து பிடித்த ஜோ ஜிரார்டி, பத்தாண்டு கழித்து அதே அணியின் மேலாளராக 2009 உலகத் தொடரை வென்றார்.

இதில் நட்சத்திரங்களைவிடத் துணைக் கேட்சர்கள்தான் அதிகம் தேறியிருக்கிறார்கள் என்பது கவனிக்கத்தக்கது. புரூஸ் போச்சி ஒன்பது பருவங்களில் மொத்தம் 358 ஆட்டங்களே ஆடினார். மேலாளராக சான் பிரான்சிஸ்கோவுக்கு மூன்று, டெக்சாஸுக்கு ஒன்று என நான்கு உலகத் தொடர் வெற்றிகள். ஸ்டீபன் வோட் மேஜர் லீக்கில் முதல் 32 வாய்ப்புகளில் ஒரு முறைகூட வெற்றிகரமாக அடிக்காதவர். 2022இல் ஓக்லாண்டில் தம் கடைசி ஆட்டத்தில், அவருடைய பிள்ளைகளே ஒலிபெருக்கியில் பெயரை அறிவித்தார்கள்; கடைசி வாய்ப்பில் ஹோம் ரன் அடித்து விடைபெற்றார். 2024இல் கிளீவ்லாண்ட் மேலாளரானார். அந்த ஆண்டும் அடுத்த ஆண்டும் லீகின் சிறந்த மேலாளர் விருது அவருக்கே. பெஞ்சில் உட்கார்ந்து மற்றவர் ஆடுவதைப் பார்த்துக்கொண்டே, எந்த நொடியும் அழைப்பு வரலாம் என்று ஆட்டத்தை மனத்துக்குள் ஆடிவந்தவரைத் தேடிப் பிடிப்பதில் அணிகள் இப்போது முனைப்பாக இருக்கின்றன; 32 முறை தோற்றவருக்கு, தடுமாறும் இளைஞனிடம் என்ன பேச வேண்டும் என்பதும் தெரிந்திருக்கும்.